அரசாங்க மருத்துவமனை வேலைக்கு மனுப் போடும் பிள்ளைகளுக்கு: நியாயமான தேர்வு எது, அதைக் கேட்டு வாங்குவது எப்படி

மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட்டில் என் வீட்டுக்கு வரும் பிள்ளைகள் கையில் ஒரு பிளாஸ்டிக் ஃபைலோடு வருவார்கள். உள்ளே ஐசி (அடையாள அட்டை) நகல், பிறப்புப் பத்திரம், பள்ளி இறுதியில் எழுதும் எஸ்பிஎம் தேர்வின் சான்றிதழ் எல்லாம் இருக்கும். கூடவே அம்மாவும் வருவார். பிள்ளை வாய் திறப்பதற்குள் அம்மா கேட்டுவிடுவார்: "மிஸ்ஸி, நம்ம பிள்ளைங்கள கவர்மெண்டு ஆஸ்பத்திரியில எடுப்பாங்களா?"

முப்பது வருடத்துக்கு மேல் அரசாங்க மருத்துவமனைகளில் தாதியாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். அப்பாவும் அம்மாவும் ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்கள். தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருத்துவ உதவியாளரான டிரஸ்ஸர் ஊசி போடுவதைப் பார்த்துத்தான் எனக்கு இந்த வேலை மேல் ஆசை வந்தது. அதனால் அந்த அம்மாவின் கேள்விக்கு "கட்டாயம் எடுப்பாங்க" என்று வெறும் வாய்ச்சொல்லாகத் தைரியம் சொல்ல எனக்கு மனம் வராது. "நமக்கெல்லாம் எங்க கிடைக்கப் போகுது" என்று கையை விரிக்கவும் வராது. நான் சொல்வது இதுதான்: தேர்வு நியாயமாக நடந்ததா இல்லையா என்று நாளைக்கு நீங்கள் கேட்க வேண்டுமென்றால், இன்றைக்கே உங்கள் பக்கத்துத் தாள் ஒவ்வொன்றும் சரியாக இருக்க வேண்டும். அதற்கான வழியைத்தான் கீழே எழுதியிருக்கிறேன்.

முதலில்: யாரிடம் மனுப் போடுகிறீர்கள்?

பலர் இங்கேயே தடுமாறுகிறார்கள். மருத்துவமனை அலுவலகத்துக்கு நேராகப் போய் ஒரு கடிதத்தைக் கொடுத்துவிட்டு வருடக் கணக்கில் காத்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். சுகாதார அமைச்சின் கீழ் உள்ள மருத்துவமனைகளிலும் கிளினிக்குகளிலும் நிரந்தர வேலைக்கு ஆள் நியமிப்பது பொதுச் சேவை ஆணையம். நாம் எல்லாரும் எஸ்பிஏ என்று சொல்வது அதைத்தான். அரசியலமைப்பின் 139ஆம் பிரிவு அதை அமைக்கிறது. நியமிப்பது, வேலையில் உறுதிப்படுத்துவது, பதவி உயர்வு, இடமாற்றம், ஒழுங்கு நடவடிக்கை ஆகிய அதிகாரங்களை 144ஆம் பிரிவு தருகிறது. அமைச்சு ஆளைக் கேட்கும், ஆணையம் தேர்ந்தெடுக்கும். இரண்டையும் ஒரே கையில் கொடுக்காமல் பிரித்து வைத்ததே, வேலை வாங்குகிற அதிகாரி தன் ஆளைத் தானே உள்ளே கொண்டுவந்துவிடக் கூடாது என்பதற்காகத்தான்.

ஒப்பந்த வேலையும் குறுகிய கால வேலையும் வேறு. அவற்றுக்கு அமைச்சோ, அந்தந்த இலாகாவோ நேரடியாக ஆள் எடுக்கும். மலாயாப் பல்கலைக்கழக மருத்துவமனை போன்ற பல்கலைக்கழக மருத்துவமனைகளும் தங்கள் ஆட்களைத் தாங்களே எடுக்கின்றன. அங்கே தனியாக மனுப் போட வேண்டும். விளம்பரத்தைக் கையில் எடுத்ததும் இரண்டு விஷயத்தைப் பாருங்கள்: நியமிக்கிறது யார்? வேலை நிரந்தரமா, ஒப்பந்தமா? ஒப்பந்த வேலையில் சேர்ந்துவிட்டு "நான் கவர்மெண்டு ஆள்" என்று வீட்டுக் கடன் வரைக்கும் திட்டம் போட்ட பிள்ளைகள் ஒப்பந்தம் முடிந்ததும் அழுததை நான் கண்ணால் பார்த்தவள்.

அப்புறம் தகுதியை வரிவரியாகப் படியுங்கள்

தாதி, உதவி மருத்துவ அதிகாரி, டாக்டர் என்று எந்த நிரந்தர வேலையாக இருந்தாலும் எஸ்பிஎம் மலாய்மொழியில் கிரெடிட் (வெறும் தேர்ச்சிக்கு மேலான மதிப்பெண்) வேண்டும். நம் பிள்ளைகள் அதிகமாக விழுவது இந்த ஓர் இடத்தில்தான். வெளிநாட்டில் மருத்துவம் படித்துவிட்டு வந்து, எஸ்பிஎம் மலாயில் கிரெடிட் இல்லாததால் நிரந்தர வேலைக்கு மனுப் போட முடியாமல் நிற்கும் டாக்டர்கள்கூட உண்டு. மலாய்மொழித் தாளை மட்டும் தனியாக மறுபடி எழுதலாம். படிவம் ஐந்து, அதாவது எஸ்பிஎம் வகுப்பு, முடிந்து பத்து வருடம் ஆகியிருந்தாலும் வெட்கப்பட எதுவுமில்லை, எழுதுங்கள்.

தாதி டிப்ளோமாவுக்கு நீண்ட நாளாகக் கேட்கப்படுவது எஸ்பிஎம்மில் ஐந்து கிரெடிட்: மலாய், கணிதம், ஓர் அறிவியல் பாடம், வேறு இரண்டு பாடங்கள், ஆங்கிலத்தில் தேர்ச்சி. படிப்பு மூன்று வருடம். உதவி மருத்துவ அதிகாரி படிப்பும் மூன்று வருடம்தான். நம் ஊரிலிருந்து பார்த்தால் ஈப்போ பக்கத்தில் உலு கிந்தாவிலேயே அமைச்சின் பயிற்சிக் கல்லூரி இருக்கிறது. பழைய தோட்டத்து டிரஸ்ஸர் வேலையின் இன்றைய வடிவம்தான் இந்த உதவி மருத்துவ அதிகாரி. ஆண்பிள்ளைகள் இதைப் பற்றி யோசிப்பதே இல்லை என்பது எனக்குப் பெரிய வருத்தம்.

தனியார் கல்லூரியில் சேர்வதாக இருந்தால், பணம் கட்டுவதற்கு முன் அந்தப் படிப்பை உரிய வாரியம் அங்கீகரித்திருக்கிறதா என்று பாருங்கள். தாதிக்குத் தாதியர் வாரியம், டாக்டருக்கு மலேசிய மருத்துவ மன்றம். வெளிநாட்டு மருத்துவக் கல்லூரி என்றால் இதை இரண்டு முறை பாருங்கள். பட்டம் கையில் இருந்தும் பதிவு கிடைக்காவிட்டால், எந்தத் தேர்வுக் குழுவும் உங்களுக்கு ஒன்றும் செய்ய முடியாது.

இன்னொரு சின்ன விஷயம். 2024 டிசம்பரிலிருந்து புதிய சம்பள முறை வந்து, கிரேடு எண்கள் மாறிவிட்டன. பழைய யு29 தாதி இப்போது யு5; பயிற்சியில் இருக்கும் ஹவுஸ்மேன் டாக்டரின் பழைய யுடி41 இப்போது யுடி9. பழைய விளம்பரத்தை வாட்சாப்பில் யாரோ அனுப்பி, அதைப் பார்த்துக் குழம்பாதீர்கள்.

தாள்களைச் சரிபார்ப்பது

மேசையில் எல்லாவற்றையும் பரப்பி வைத்துப் பெயரை எழுத்தெழுத்தாக ஒப்பிடுங்கள். ஐசியில் ஏ/பி (இன்னாரின் மகள்) இருக்கும், சான்றிதழில் இருக்காது. அப்பா பெயரில் ஒரு எச் கூடியிருக்கும் அல்லது குறைந்திருக்கும். தோட்டத்துக் கிராணி (எழுத்தர்) காதில் விழுந்தபடி எழுதிக்கொடுத்த பெயர்கள் இன்னும் எத்தனையோ குடும்பங்களில் ஓடிக்கொண்டிருக்கின்றன. வேலை கிடைத்து, தாளைச் சரிபார்க்கும் நாளில் இது பெரிய பிரச்சினையாக வெடிக்கும். தேசியப் பதிவிலாகாவில் திருத்த வேண்டியதை இப்போதே திருத்துங்கள். சான்றிதழில் பிழை என்றால் தேர்வு வாரியத்துக்கு எழுதுங்கள்.

ஐசி நிறத்தையும் பாருங்கள். நிரந்தர வேலை குடிமக்களுக்குத்தான். இந்த நாட்டிலேயே பிறந்து வளர்ந்தும் பெற்றோரின் பதிவுக் குளறுபடியால் சிவப்பு ஐசியோடு (குடியுரிமை இல்லாத நிரந்தரவாசி அட்டையோடு) நிற்கும் பிள்ளைகள் நம் பக்கத்தில் உண்டு. குடியுரிமைக்கான வேலையைப் படிவம் மூன்றிலேயே தொடங்க வேண்டும். மனுப் போடுகிற வாரத்தில் தொடங்கினால் ஆகாது.

உடற்குறை உள்ளவர் என்றால் ஓகேயு அட்டையை எடுத்து வையுங்கள். அரசாங்க வேலைகளில் 1 விழுக்காட்டை அவர்களுக்கு ஒதுக்கும் கொள்கை 1988இலிருந்து இருக்கிறது. அட்டை வாங்கினால் பிள்ளைக்குக் கல்யாணம் ஆகாது என்று மறைத்து வைத்த ஒரு வீட்டை எனக்குத் தெரியும். அந்தப் பையன் நல்ல ரேடியோகிராஃபராக வந்திருக்க வேண்டியவன்.

பதிவு

எஸ்பிஏ இணையதளத்தில் பதிவுசெய்வது இலவசம். உங்கள் சொந்த மின்னஞ்சலில், உங்கள் சொந்தக் கைப்பேசி எண்ணில் பதியுங்கள். இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. டவுனில் கம்ப்யூட்டர் கடைக்காரர் தன் மின்னஞ்சலைப் போட்டுப் பதிந்துகொடுப்பார். கடை மாறும், பாஸ்வேர்டு மறக்கும். நேர்முகத் தேர்வுக்கான அழைப்பு இணையத்தில் வந்து நிற்கும், பிள்ளைக்குத் தெரியாது. அழைப்பே வரவில்லை, இனம் பார்த்து ஒதுக்கிவிட்டார்கள் என்று ஒரு குடும்பம் என்னிடம் வந்தது. உட்கார்ந்து கணக்கைத் திறந்து பார்த்தால் அழைப்பு வந்து ஏழு வாரம் ஆகியிருந்தது.

ஒதுக்கப்படுவதே இல்லை என்று நான் சொல்லவில்லை. அதற்கும் வருகிறேன். ஆனால் நம் பக்கத்துத் தவறு ஒன்று இப்படி இருக்கும்போது, உண்மையாகவே ஒதுக்கப்பட்ட இன்னொரு பிள்ளையின் குரலும் சேர்ந்து அடிபட்டுப்போகிறது.

பதிந்ததும் ஒவ்வொரு பக்கத்தையும் படம் பிடித்து ஃபைலில் வையுங்கள். பதிவு எண், விளம்பரத்தின் நகல், மனு முடியும் தேதி, நீங்கள் அனுப்பிய நாள் எல்லாம் வேண்டும். பின்னால் கேள்வி கேட்கும்போது இவைதான் பேசும்.

நேர்முகத் தேர்வு

சில வேலைகளுக்கு முதலில் ஓர் எழுத்துத் தேர்வு இருக்கும். அதைத் தாண்டினால் நேர்முகம். மலாயில்தான் பேச வேண்டும். வீட்டில் தமிழ், நண்பர்களோடு கலவை என்று பேசும் பிள்ளைக்குத் தெரியாத விஷயம் அதிகம் இருக்காது. வாய் திறக்கப் பழக்கமில்லாததுதான் பிரச்சினை. நான் இப்படித்தான் பழக்குவேன்: வயிற்றுப்போக்கில் இருக்கும் குழந்தையின் அம்மாவுக்கு உப்புச்சர்க்கரைத் தண்ணீர் கொடுக்கும் முறையை மலாயில் எனக்குச் சொல். கம்பத்தில் (கிராமத்தில்) டிங்கிக் காய்ச்சல் வந்திருக்கிறது, வீட்டுக்காரரிடம் என்ன கேட்பாய், எங்கெல்லாம் தண்ணீர் தேங்கியிருக்கிறது என்று பார்ப்பாய்? மருந்து வேண்டாம் என்று முகத்தைத் திருப்பிக்கொள்ளும் தாத்தாவிடம் என்ன பேசுவாய்? பத்து நாள் இப்படிப் பேசினால் போதும், நாக்கு திரும்பிவிடும். ருக்குன் நெகாரா என்ற தேசியக் கோட்பாடுகள் ஐந்து, அமைச்சின் அமைப்பு, மனுப் போடும் வேலையின் கடமைகள், இவையும் கட்டாயம் தெரிந்திருக்க வேண்டும்.

அசல் சான்றிதழ்களோடு ஒரு மணி நேரம் முன்பே போய்விடுங்கள். சுங்கை சிப்புட்டிலிருந்து ஈப்போவுக்கே காலைப் பஸ்ஸை நம்ப முடியாது. முதல்நாள் இரவே வண்டிக்கு ஏற்பாடு செய்யுங்கள்.

அறைக்கு வெளியே வந்ததும், வீட்டுக்குப் போகும் முன்பே, கேட்ட கேள்விகளையும் நேரத்தையும் எத்தனை பேர் உட்கார்ந்திருந்தார்கள் என்பதையும் ஒரு நோட்டில் எழுதுங்கள். கல்யாணம் எப்போது, எந்தக் கோயிலுக்குப் போவாய், யாருக்கு ஓட்டுப் போடுவாய் என்று வேலைக்குச் சம்பந்தமில்லாத கேள்வி வந்தால் அதையும் கேட்ட வார்த்தையிலேயே எழுதுங்கள்.

சட்டம் என்ன சொல்கிறது

அரசியலமைப்பின் 8ஆம் பிரிவு, அரசியலமைப்பே வெளிப்படையாக அனுமதித்தால் தவிர, மதம், இனம், வம்சாவளி, பிறந்த இடம், பாலினம் என்ற காரணத்துக்காக மட்டும் அரசாங்க வேலை நியமனத்தில் குடிமக்களுக்குப் பாகுபாடு காட்டக் கூடாது என்கிறது. பாலினம் என்ற சொல் 2001இல்தான் அதில் சேர்ந்தது. அந்தத் 'தவிர' என்பதில் வருவதுதான் 153ஆம் பிரிவு. மலாய்க்காரர்களுக்கும் சபா, சரவாக் பூர்வகுடிகளுக்கும் மத்திய அரசுச் சேவையில் நியாயமானது என்று கருதப்படும் பங்கை ஒதுக்க அது இடம் கொடுக்கிறது. இதைப் பிள்ளைகளிடம் மறைக்கக் கூடாது என்பது என் கருத்து. தெரிந்தே போட்டிக்குப் போகட்டும். ஒதுக்கீடு என்பது ஒரு பங்கைப் பற்றியது. உங்கள் மனுவைப் படிக்காமலே ஓரமாக வைக்க அது யாருக்கும் அனுமதி கொடுக்கவில்லை.

உள்ளே போனபின் 136ஆம் பிரிவு உங்களுக்குத் துணை. ஒரே கிரேடில் வேலை செய்யும் எல்லாரையும், எந்த இனமாக இருந்தாலும், பாரபட்சமில்லாமல் நடத்த வேண்டும் என்று அது சொல்கிறது. பதவி உயர்வு, மேற்படிப்புக்கு அனுப்புவது என்று வரும்போது இந்த எண்ணை நினைவில் வையுங்கள்.

காசும் கேபிளும்

"மூவாயிரம் வெள்ளி (ரிங்கிட்) கொடுங்க, அட்டென்டன் வேலை போட்டுத் தர்றேன்" என்று ஒருவர் வருவார். கழுத்தில் ஏதோ ஓர் அட்டை தொங்கும். ஒரு தாய் தாலிச் சங்கிலியை அடகுக் கடையில் வைத்துக் கொடுத்தார். வேலையும் வரவில்லை, ஆளும் வரவில்லை. எஸ்பிஏவுக்கு ஏஜெண்டு கிடையாது. எந்தப் படியிலும் யாருக்கும் காசு இல்லை.

கேட்கிறவர் உண்மையிலேயே அதிகாரியாக இருந்தாலும் பதில் ஒன்றுதான். 2009ஆம் ஆண்டு ஊழல் தடுப்பு ஆணையச் சட்டத்தில், வாங்குகிறவருக்கும் கொடுக்கிறவருக்கும் 20 வருடம் வரை சிறை. லஞ்சத்தைப் போல் ஐந்து மடங்கு அல்லது 10,000 வெள்ளி, இதில் எது அதிகமோ குறைந்தது அந்த அபராதம். ஊழல் தடுப்பு ஆணையமான எஸ்பிஆர்எம்மிடம் சொல்பவரின் பெயரைக் காக்க 2010இல் தனிச்சட்டமும் வந்துவிட்டது.

கேபிள் என்று நாம் சொல்லும் பெரிய இடத்துச் சிபாரிசு பற்றி மனம் நொந்துதான் எழுதுகிறேன். கட்சிக்காரரிடம் சிபாரிசுக் கடிதம் வாங்குவதை நம் வீடுகளில் யாரும் தப்பாகவே நினைப்பதில்லை. "அவங்க செய்றாங்க, நாமும் செஞ்சா என்ன?" என்கிறார்கள். நம் பிள்ளைக்குக் கேபிள் வேலை செய்த அன்றைக்கு, கேபிள் இல்லாத இன்னொரு தோட்டத்துப் பிள்ளை வெளியே நின்றிருக்கும். வேலையில் சேர்ந்தபின் இது ஒழுங்கு மீறலாகவும் ஆகும்: அரசாங்க ஊழியர் தன் கோரிக்கைக்கு வெளியாள் செல்வாக்கைக் கொண்டுவரக் கூடாது என்று 1993ஆம் ஆண்டு நடத்தை விதிகள் சொல்கின்றன.

தேர்வுக் குழுவில் உட்காரப் போகிறவர்களுக்கு

இதைப் படிக்கும் புது ஆட்களில் சிலர் மனுப் போடுகிறவர்களாக இருக்க மாட்டீர்கள். வார்டு சிஸ்டராகவோ மேற்பார்வையாளராகவோ ஆகி, முதல் முறையாகத் தேர்வுக் குழுவில் உட்காரச் சொல்லியிருப்பார்கள். எனக்கும் அப்படி ஒரு நாள் வந்தது. தற்காலிக அட்டென்டன் வேலைக்கு நேர்முகம். எந்த மருத்துவமனை என்று சொல்லப்போவதில்லை. பெயர்ப் பட்டியல் கைக்கு வந்தபோதே ஐந்தாறு பெயர்களுக்குப் பக்கத்தில் பென்சிலால் சின்னப் புள்ளி இருந்தது. யாரும் எதுவும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. மாலையில் எடுக்கப்பட்ட பெயர்களைப் பார்த்தேன். புள்ளி வைத்த அத்தனை பேரும் இருந்தார்கள். அன்று ஒரு பெண், தன் பாட்டியைப் படுக்கையில் வைத்து நான்கு வருடம் பார்த்துக்கொண்டவள், படுக்கைப் புண் வராமல் எப்படித் திருப்பிப் படுக்க வைப்பது என்று எனக்கே புதிதாக ஒன்று சொல்லிக்கொடுத்தாள். அவள் பெயருக்குப் பக்கத்தில் புள்ளி இல்லை. இன்றைக்கும் அவள் முகம் எனக்கு மறக்கவில்லை.

அதனால் இந்த இடத்தில் கொஞ்சம் விவரமாகவே எழுதுகிறேன். முதல் ஆள் அறைக்குள் வருவதற்கு முன்பே கேள்விகளை எழுதி முடித்துவிடுங்கள். எல்லாருக்கும் அதே கேள்விகள், அதே வரிசை. எந்தப் பதிலுக்கு எத்தனை மார்க் என்பதையும் முன்கூட்டியே எழுதுங்கள். 'நல்ல தோற்றம்', 'நம்ம டீமுக்குப் பொருந்துவார்' போன்றவற்றுக்கு மார்க் வைக்காதீர்கள், பாரபட்சம் அந்த வாசல் வழியாகத்தான் நுழைகிறது. ஒவ்வொருவரும் தன் தாளில் தனியாக மார்க் போட்டு மூடி வைத்தபின்தான் வாயைத் திறந்து கலந்துபேச வேண்டும். பெரிய அதிகாரி முதலில் கருத்துச் சொல்லிவிட்டால் மற்றவர் பேனா அந்தப் பக்கமே சாயும். நான் பார்த்திருக்கிறேன், என் பேனாவும் சாய்ந்திருக்கிறது.

தெரிந்தவர், சொந்தக்காரர் வந்தால் எழுத்தில் சொல்லிவிட்டு எழுந்து போங்கள். பட்டியலில் புள்ளி இருந்தால் "இது என்ன?" என்று எல்லார் முன்னாலும் கேளுங்கள். அந்த ஒரு கேள்வியே பாதிப் புள்ளிகளை அழித்துவிடும். மார்க் தாள்களைக் கிழித்துப் போடாமல் ஃபைலில் சேருங்கள். எடுக்காத ஒருவர் நாளை ஏன் என்று கேட்டால், அந்தத் தாளைப் பார்த்து ஒரு வரிப் பதில் உங்களால் சொல்ல முடிய வேண்டும்.

அந்த ஒரு வரி இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதை டாக்டர்கள் விஷயத்தில் நாடே பார்த்தது. 2016 டிசம்பரிலிருந்து புது டாக்டர்களை ஒப்பந்த முறையில் எடுக்கத் தொடங்கினார்கள். 2021 நடுப்பகுதி வரை 23,000க்கும் மேற்பட்டோர் அப்படிச் சேர்ந்தார்கள். நிரந்தரமானவர்கள் 789 பேர். இடம் குறைவு என்ற கோபத்தைவிட, எதை வைத்து அந்த 789 பேரைத் தேர்ந்தெடுத்தார்கள் என்று தெரியாத கோபம் பெரிது. ஒரே வார்டில், ஒரே இரவுப் பணியில் நின்ற இரண்டு பேரில் ஒருவருக்குக் கிடைத்தது, ஒருவருக்கு இல்லை. காரணம் இருவருக்குமே தெரியாது. 2021 ஜூலை 26 அன்று, கோவிட் உச்சத்தில், ஒப்பந்த டாக்டர்கள் வேலையிடத்தை விட்டு வெளியே வந்து நின்றார்கள்.

கிடைக்கவில்லை என்றால்

முதலில் இரண்டு நாள் விடுங்கள். அப்புறம் ஃபைலைத் திறந்து, விளம்பரத்தில் கேட்ட தகுதி ஒவ்வொன்றையும் உங்கள் தாளோடு ஒப்பிடுங்கள். ஏதாவது குறை இருந்தால் அதுதான் அடுத்த வேலை.

குறை இல்லை, அல்லது நேர்முகத்தில் தப்பு நடந்தது என்று உங்கள் நோட்டு சொல்கிறது என்றால், நியமித்த இடத்துக்கே முதலில் எழுதுங்கள். மலாயில், ஒரே பக்கத்தில். பதிவு எண், தேதி, நடந்தது என்ன, நீங்கள் கேட்பது என்ன என்று நான்கு பத்தி போதும். 'எங்கள் இனத்துக்கே இப்படித்தான்' என்று தொடங்காதீர்கள். 'இந்தத் தேதியில் இந்தக் கேள்வி கேட்கப்பட்டது, விளம்பரத்தில் இந்தத் தகுதி இல்லை' என்று தொடங்குங்கள். அப்படி எழுதிய கடிதத்தை ஒதுக்கி வைப்பது கஷ்டம். பதில் வராவிட்டால் பொதுப் புகார்ப் பிரிவு இருக்கிறது, 1971இலிருந்து இயங்குகிறது. காசு வாங்க மாட்டார்கள். லஞ்சம் என்றால் நேராக எஸ்பிஆர்எம்.

நீதிமன்றம் வரை போக வேண்டிய விஷயம் என்றால் ஒரு காலக்கெடு உண்டு. அரசு அமைப்பின் முடிவை மறுஆய்வு செய்யச் சொல்லி உயர்நீதிமன்றத்துக்குப் போக, முடிவு தெரிவிக்கப்பட்டதிலிருந்து மூன்று மாதம்தான். புகார்க் கடிதத்துக்குப் பதில் வரட்டும் என்று காத்திருந்து இதைத் தவறவிடுகிறார்கள். வழக்கறிஞரையோ சட்ட உதவி இலாகாவையோ முதல் மாதத்திலேயே பாருங்கள்.

கடிதம் எழுதினால் பெயர் கெட்டுவிடும், இனி எப்போதும் எடுக்க மாட்டார்கள் என்று அம்மாக்கள் பயப்படுகிறார்கள். மரியாதையாக எழுதிய கடிதம் ஒன்றோடு இரண்டாம் முறை மனுப் போட்டு வேலைக்குப் போன பெண்கள் இருவரை நான் அறிவேன். ஒருத்தி இப்போது குழந்தைகள் வார்டில் இருக்கிறாள்.

கடிதம் போட்ட கையோடு எஸ்பிஏ கணக்கையும் திறந்து பாருங்கள். பதிவு ஒரு வருடம்தான் செல்லும். புதுப்பிக்க மறந்தால் அடுத்த விளம்பரம் வரும்போது உங்கள் பெயர் பட்டியலிலேயே இருக்காது. வீட்டுக் காலண்டரில், தீபாவளியைச் சிவப்பில் வட்டமிடும் அதே பேனாவால், அந்தத் தேதிக்கு இரண்டு வாரம் முன்னால் ஒரு வட்டம் போட்டு வையுங்கள்.